மலை ரயிலா, பாம்பனா, பொன்மலையா: முதலில் எதைப் படமெடுப்பது?

எங்கள் நான்கு பேரிடமும் சேர்த்து ஒன்றரை லட்சம் ரூபாய், ஒரு கேமரா, இரவல் மைக் ஒன்று, ஒரு வருடத்து ஞாயிற்றுக்கிழமைகள். இவ்வளவுதான் முதல். ரயில்வே வாழ்க்கையைப் பற்றி ஆவணப்படம் எடுக்க வேண்டும் என்பதில் நால்வருக்கும் சண்டை இல்லை. எதை எடுப்பது என்பதில்தான் மூன்று மாதம் டீக்கடையிலேயே போனது. ஒருவனுக்கு நீலகிரி மலை ரயில், ஒருவனுக்குப் பாம்பன் பாலம், இன்னொருவன் தண்டவாளத்தில் நடக்கும் கீமேனின் ஒரு நாளை எடுக்க வேண்டும் என்றான். நான் திருச்சியில் ரயில்வே பணிமனை இருக்கும் பொன்மலை என்றேன். நான் பொன்மலைக் காலனியில் வளர்ந்தவன், என் தராசு கொஞ்சம் சாய்ந்துதான் இருக்கும். படிப்பவர்கள் அதைக் கழித்துக்கொள்ளலாம். இதே மாதிரி சின்னக் கையிருப்போடு யோசித்துக்கொண்டிருப்பவர்களுக்கு எங்கள் கணக்கு உதவும் என்றுதான் எழுதுகிறேன்.

அதற்கு முன் ஒரு சின்னக் கிளைக்கதை. திருச்சியில் ரயில்வே உத்தியோகத்தில் இருந்த சாமிக்கண்ணு வின்சென்ட், 1905இல் டூபாண்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடம் புரொஜெக்டரையும் படச்சுருள்களையும் வாங்கிக்கொண்டு ஊர் ஊராகப் படம் காட்டக் கிளம்பினார். பிறகு கோவையில் நிலையான தியேட்டரும் கட்டினார். நம் ஊர்களுக்குச் சலனப்படத்தைக் கொண்டுபோய்ச் சேர்த்ததில் ஒரு ரயில்வேக்காரருக்குப் பெரிய பங்கு உண்டு. பதிலுக்கு ரயில்வேக்காரர்களுக்குச் சினிமா என்ன செய்தது? காதலி ஏறிப்போக ஒரு பெட்டி, வில்லனோடு கட்டிப் புரள ஒரு கூரை. பச்சைக் கொடி காட்டும் கை யாருடையது என்று கேமரா நின்று பார்த்தது குறைவு. அந்தக் கடனில் ஒரு பங்கைத் திருப்பிக் கொடுக்கப் போகிறோம் என்று டீக்கடையில் கொஞ்சம் பெரிதாகவே பேசிக்கொண்டோம்.

சரி, கணக்குக்கு வருவோம்.

மலை ரயில்

மேட்டுப்பாளையத்திலிருந்து உதகமண்டலம் வரை 46 கிலோமீட்டர், மீட்டர் கேஜ். 1899இல் குன்னூர் வரை ஓடியது, 1908இல் உதகை வரை நீண்டது. கல்லாறிலிருந்து குன்னூர் வரை தண்டவாளங்களுக்கு நடுவே பல்வரிசை ஒன்று ஓடும். எஞ்சினின் பல்சக்கரம் அதைக் கடித்துக் கடித்துத்தான் மேலே ஏறும். ஏறக்குறைய பன்னிரண்டு அடிக்கு ஓரடி என்கிற ஏற்றம். அந்தப் பகுதியில் எஞ்சின் முன்னால் நின்று இழுப்பதில்லை, பின்னால் இருந்து தள்ளுகிறது. 16 குகைகள், 250 பாலங்கள், 208 வளைவுகள். கேமராவை எந்தப் பக்கம் திருப்பி வைத்தாலும் படம் அழகாக வரும்.

சிக்கலும் அங்கேதான் இருக்கிறது. 2005இல் யுனெஸ்கோ பட்டியலில் சேர்ந்த பிறகு உலகமே வந்து எடுத்துவிட்டுப் போயிருக்கிறது, பிபிசி உட்பட. ஹில்குரோ ஸ்டேஷனில் வண்டி தண்ணீர் பிடிக்க நிற்கும்போது எஞ்சினைச் சுற்றி நீளும் செல்போன்களை எண்ணிப் பாருங்கள். நாங்கள் ஐந்தாவது கேமராவா, ஐந்நூறாவது கேமராவா என்பதுதான் கேள்வி. மழைக்காலத்தில் மண் சரிந்து வண்டி ரத்தாகும் தொல்லை வேறு. ஞாயிற்றுக்கிழமை மட்டுமே கையில் இருப்பவர்களுக்கு இரண்டு சரிவு போதும், ஒரு மாதம் போய்விடும்.

அங்கேயும் யாரும் அதிகம் பார்க்காத ஆள் உண்டு. ஒவ்வொரு பெட்டியின் முகப்பிலும் கையில் கொடியோடு நிற்கும் பிரேக்ஸ்மேன். அவர் ஒருவரை மட்டும் பின்தொடர்ந்தால் நல்ல படம் கிடைக்கும், மறுக்கவில்லை. ஆனால் மலை ரயில் எங்கும் போய்விடாது. அதைக் காப்பாற்ற ஊர், நாடு, ஐ.நா. எல்லாம் இருக்கின்றன. ஐந்து வருடம் கழித்துப் போனாலும் அதே வளைவில் அதே புகை கிடைக்கும்.

பாம்பன்

இதைத் தள்ளுவது அவ்வளவு சுலபமாக இல்லை. 1914 பிப்ரவரியில் திறந்த பாலம். 1964 டிசம்பர் புயலில் தனுஷ்கோடிக்குப் போன பயணிகள் ரயில் கடலோடு போனது, பாலமும் சிதைந்தது. ரயில்வே பொறியாளர் ஸ்ரீதரன் தலைமையில் 46 நாளில் அதை மறுபடி நிமிர்த்தினார்கள். 2022 டிசம்பரில் பழைய பாலத்தில் ரயில் நின்றது. 2025 ஏப்ரலில் பக்கத்திலேயே புதுப்பாலம் திறந்தது. நடுவில் 72.5 மீட்டர் நீளத் துண்டு அப்படியே மேலே எழும்பி கப்பலுக்கு வழிவிடும், மின்சாரத்தில்.

பழைய பாலத்தின் நடுத்துண்டை ஆட்கள் கையால் சுற்றித்தான் திறந்தார்கள். இரண்டு பக்கமும் நின்று பல்சக்கரங்களைச் சுற்ற, இரண்டு இறக்கைகளும் மெல்ல மேலே எழும். அந்தக் காட்சி இணையத்தில் நிறைய இருக்கிறது, கரையிலிருந்தும் படகிலிருந்தும் சாலைப் பாலத்திலிருந்தும். சுற்றியவர்களின் முகம் அநேகமாக எதிலும் இல்லை. எத்தனை சுற்று, காற்று எந்தப் பக்கம் அடித்தால் கனக்கும், இறக்கை இறங்கிப் பொருந்தும்போது காலடியில் என்ன தெரியும் என்பதெல்லாம் அந்த ஆட்களோடு போய்விடும். புயலைக் கண்ணால் கண்டவர்கள் என்றால், அன்று பத்து வயதாக இருந்தவருக்கே இன்று எழுபதைத் தாண்டிவிட்டது.

ஆக, அவசரம் என்று பார்த்தால் பாம்பனுக்கு நல்ல மதிப்பெண். எங்களுக்கு இடித்தது தூரம். திருச்சியிலிருந்து போக வரவே ஒரு ஞாயிறு முடிந்துவிடும். அதைவிட முக்கியமாக, அங்கே எங்களுக்கு ஒரு மனிதரையும் தெரியாது. ஒருவர் வீட்டுத் திண்ணையில் நாலு முறை சும்மா உட்கார்ந்துவிட்டு வந்தால்தான் ஐந்தாம் முறை உண்மையான பேச்சு வரும். அந்த நாலு முறைக்கே எங்கள் காசு தீர்ந்துவிடும். ராமநாதபுரம், மண்டபம் பக்கம் இருப்பவர்கள் இதைப் படித்தால், தயவுசெய்து பாலத்தை விட்டுவிட்டு அந்த ஆட்களைத் தேடுங்கள். எங்கள் மைக்கை இரவல் தருகிறோம், அதுவே இரவல்தான் என்றாலும்.

கீமேனின் ஒரு நாள்

காலையில் ஸ்பானரும் சுத்தியலும் சிவப்புப் பச்சைக் கொடிகளுமாகக் கிளம்பி, தன் எல்லைக்குள் தண்டவாளத்தோடே நடந்து, தளர்ந்ததை இறுக்கி, கழன்றதைத் தட்டி உள்ளே தள்ளிக்கொண்டே போகிற மனிதர். இவரைப் போலவே கேட் கீப்பர். ஆளில்லாத கடவுகளை அகலப்பாதையில் 2019 தொடக்கத்தோடு ஒழித்தாயிற்று. இப்போது ஆள் இருக்கும் கேட்டுகளும் சுரங்கப்பாதையாக மாறி வருகின்றன. பெயர்களும் மாறுகின்றன: கேங்மேன் இப்போது டிராக் மெயின்டெய்னர், கார்டு 2022 முதல் டிரெயின் மேனேஜர். ஊர் வாயில் அவர்கள் இன்னும் கேங்மேனும் கார்டும்தான்.

நியாயமாகப் பார்த்தால் நால்வரில் இவன் சொன்ன படம்தான் இன்றைய ரயில்வேயைக் காட்டும். ஆனால் நடைமுறையில் சுவர்மேல் சுவர். அனுமதி இல்லாமல் தண்டவாளத்தில் கால் வைத்தாலே ரயில்வே சட்டம் 147ஆம் பிரிவில் குற்றம், ஆறு மாதம் வரை சிறையோ ஆயிரம் ரூபாய் வரை அபராதமோ இரண்டுமோ விழலாம். முறைப்படி அனுமதி கேட்டால் மக்கள் தொடர்பு அலுவலகம், கதைச் சுருக்கம், கட்டணம், காப்பீடு, கூடவே வர ஓர் அதிகாரி. அதிகாரி பக்கத்தில் நிற்கும்போது கீமேன் என்ன பேசுவார்? எல்லாம் நல்லபடியாக இருக்கிறது என்பார். அவரைக் குறை சொல்ல முடியாது. பணியில் இருப்பவர்கள் பத்திரிகையிடமும் ஊடகத்திடமும் பேசுவதற்கு 1966ஆம் ஆண்டின் நடத்தை விதிகள் வரம்பு கட்டியிருக்கின்றன. நம் படத்துக்காக ஒருவர் மெமோ வாங்குவதில் எனக்குச் சம்மதமில்லை. இந்தக் காரணத்துக்காக நண்பன் இரண்டு வாரம் என்னோடு பேசவில்லை. அப்புறம் அவனே ஒப்புக்கொண்டான்.

ஓய்வுபெற்றவர்களுக்கு இந்தப் பூட்டு இல்லை. அவர்கள் வீட்டுத் திண்ணையில் கேமரா வைக்க யார் கையெழுத்தும் வேண்டாம். இந்த ஒரு வரிதான் எங்கள் தீர்மானத்தைப் பாதி முடித்தது.

பொன்மலை

பொன்மலைப் பணிமனை 1928இல் தொடங்கியது. அதற்கு முன் தென்னிந்திய ரயில்வேயின் பணிமனை நாகப்பட்டினத்தில் இருந்தது. பணிமனையோடு ஒரு ஊரே பிறந்தது: வரிசை வரிசையாகக் குவார்ட்டர்ஸ், ஆஸ்பத்திரி, பள்ளிக்கூடம், ஞாயிற்றுக்கிழமைச் சந்தை. எங்கள் வீட்டில் கடிகாரம் ஓடாத நாட்கள் உண்டு, பணிமனைச் சங்கு ஊதாத நாளில்தான் அம்மாவுக்கு உலை வைக்கும் நேரம் குழம்பும்.

வெளியூர்க்காரர்களுக்குத் தெரியாத ஒன்று: நீலகிரியில் எல்லோரும் படமெடுக்கும் நீராவி எஞ்சின்களில் பழையவை சுவிட்சர்லாந்திலிருந்து வந்தவை, ஆனால் புதியவற்றைக் கட்டியது பொன்மலையில். உலகில் நீராவி எஞ்சின் என்பதே அருங்காட்சியகப் பொருளாகிவிட்ட காலத்தில், இந்த நூற்றாண்டில், இங்கே கொதிகலன் அடித்து, பல்சக்கரம் பொருத்தி, மலைக்கு அனுப்பியிருக்கிறார்கள். அந்த எஞ்சினுக்கு மாலை போட்டார்கள், புகைப்படம் எடுத்தார்கள். ரிவெட் அடித்த ஃபிட்டரின் படத்தைத் தேடிப் பாருங்கள். மலை ரயில்தான் வேண்டும் என்று நின்ற நண்பன் இந்த இடத்தில்தான் கொஞ்சம் இறங்கி வந்தான்.

வரலாறும் அங்கே காலடியில் கிடக்கிறது. 1946 செப்டம்பர் 5 அன்று வேலைநிறுத்தத்தில் இருந்த தொழிலாளர்கள்மீது நடந்த துப்பாக்கிச் சூட்டில் ஐந்து பேர் இறந்தார்கள். அவர்களைப் பொன்மலை தியாகிகள் என்று ஆண்டுதோறும் நினைவுகூர்கிறார்கள். அதைக் கண்டவர்களைத் தேடும் காலம் கடந்துவிட்டது. 1974 மே மாதம், 8ஆம் தேதி தொடங்கி 27 வரை நாடு முழுக்க நடந்த ரயில்வே வேலைநிறுத்தம் கைக்கு எட்டும் தூரத்தில் இருக்கிறது. அப்போது இருபத்தைந்து வயதாக இருந்தவர்கள் இப்போது எழுபத்தைந்தைத் தாண்டியவர்கள். எழுபதுகளில் ஃபயர்மேனாகச் சேர்ந்து கரி அள்ளியவர்களும் அதே வயதுதான். எஞ்சினை வெளியே தூணில் ஏற்றி வைத்து, வர்ணம் அடித்து, சுற்றிலும் செவ்வந்தி நட்டுவிடலாம். ஆளை அப்படி வைக்க முடியாது. எங்கள் தராசில் கடைசியாகக் கனத்தது இதுதான்: அழகு எங்கே அதிகம் என்பதைவிட, எது முதலில் கையைவிட்டுப் போகும் என்பது.

பொன்மலையின் குறையையும் சொல்லிவிட வேண்டும். பணிமனைக்குள் போக அதே அனுமதிச் சுவர் உண்டு, கிடைக்கும் என்று நம்பிப் படத்தைக் கட்ட முடியாது. உள்ளே போகாவிட்டால் திரையில் பார்க்க என்ன இருக்கும்? திண்ணையும் வெற்றிலைப் பெட்டியும் முதியவர் முகமும் மட்டும். ஒரு மணி நேரம் முகங்களே பேசினால் யார் உட்கார்ந்து பார்ப்பார்கள்? இது உண்மையான பயம். எப்படி எடுப்பது என்பதை மறுபடி யோசிக்க வைத்தது.

பேட்டியா, பின்னணிக் குரலா, நடித்துக் காட்டுவதா

பின்னணிக் குரலை முதலிலேயே தள்ளினோம். கனத்த குரலில் ஒருவர் ‘தண்டவாளங்கள் சுமக்கும் கனவுகள்’ என்று ஆரம்பித்தால் நானே எழுந்து போய்விடுவேன்.

பேட்டியைச் சோதித்துப் பார்த்தோம். ஓய்வுபெற்ற ஃபயர்மேன் ஒருவர். வெள்ளைச் சட்டை போட்டு, தலை வாரி, நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தார். நாற்பது நிமிடம் பேசினார், அத்தனையும் மனு எழுதுவது போல. சேர்ந்த தேதி, பிரமோஷன் தேதி, எந்த ஷெட்டிலிருந்து எந்த ஷெட்டுக்கு மாற்றல். ஒன்றும் படத்துக்கு ஆகாது என்று கேமராவை மூடப் போனோம்.

அப்போது நண்பன் பையிலிருந்து தடித்த கம்பியை வளைத்துச் செய்த ஒரு வளையத்தை எடுத்தான். டோக்கன் வளையம் மாதிரி அவனாகச் செய்தது. தெரியாதவர்களுக்கு: ஒற்றைப் பாதையில் இரண்டு வண்டி எதிரெதிரே வந்துவிடக் கூடாது என்பதற்காக, இரண்டு ஸ்டேஷன்களுக்கு நடுவே போகிற வண்டியிடம் ஓர் இரும்புக் குண்டு இருக்க வேண்டும். அடுத்த ஸ்டேஷன் மணியடித்துச் சம்மதித்தால்தான் கருவி அந்தக் குண்டை வெளியே விடும். ஒன்று வெளியே இருக்கும்வரை அடுத்தது வராது. அதைத் தோல் பையில் போட்டு வளையத்தில் மாட்டி, நிற்காமல் ஓடும் வண்டிக்கு பாயிண்ட்ஸ்மேன் கீழே நின்று நீட்டுவார். எஞ்சினிலிருந்து ஃபயர்மேன் கையை விட்டு வாங்குவார்.

பெரியவர் வளையத்தைப் பார்த்ததும் சிரித்தார். “இவ்வளவு சின்னதா இருந்தா கை எப்படித் தம்பி போகும்?” என்றார். எழுந்தார். இடது கையால் திண்ணைத் தூணைப் பிடித்தார், அது எஞ்சினின் கைப்பிடி. வலது முழங்கையை மடக்கி வெளியே நீட்டி, தோளைச் சட்டென்று பின்னுக்கு இழுத்து உடம்பைத் திருப்பினார். “வளையம் மாட்டின அதே நொடி உடம்பு வண்டியோட போகணும். இல்லேன்னா கை பிய்ஞ்சிடும்.” சட்டைக் கையை மேலே ஏற்றி, எங்கே அடிபட்டுக் கன்றிப்போகும் என்று காட்டினார். முப்பது வருடமாகச் செய்யாத வேலை, கைக்கு மறக்கவில்லை. மனு வாசித்த நாற்பது நிமிடத்தைவிட அந்த இரண்டு நிமிடத்தில்தான் ரயில் இருந்தது.

இதை நடிப்பு என்று ஒரு நண்பன் தயங்கினான். 1936இல் பிரிட்டனின் தபால் துறைப் படப்பிரிவு இரவுத் தபால் ரயிலைப் பற்றி எடுத்த படத்தில், ஓடும் வண்டிக்குள் கடிதம் பிரிக்கும் காட்சியை ஸ்டுடியோவில் பெட்டி போலக் கட்டித்தான் எடுத்தார்கள். பிரித்தவர்கள் உண்மையான தபால் ஊழியர்கள், வண்டி ஆடுவது போல அவர்களாகவே ஆட வேண்டியிருந்தது. இன்றும் அதை ஆவணப்படம் என்றுதான் சொல்கிறோம். செய்தவரே செய்து காட்டினால் அது என் கணக்கில் பொய் இல்லை. திண்ணைத் தூண் திண்ணைத் தூணாகவே படத்தில் தெரியட்டும், கிராஃபிக்ஸில் எஞ்சின் வரைந்து ஒட்ட வேண்டாம் என்று மட்டும் முடிவு செய்தோம்.

அன்று இன்னொன்றும் நடந்தது. காலனியில் ‘கால் பாய்’ என்று ஒருவர் இருப்பார். இரவு எந்நேரமானாலும் டிரைவர், ஃபயர்மேன் வீடுகளைத் தேடி வந்து கதவைத் தட்டி, டியூட்டிக்கு எழுப்பி, நோட்டில் கையெழுத்து வாங்கிப் போவார். பெரியவர் அதைச் சொல்லி, “முதல் தட்டுக்கே எழுந்துடுவேன்” என்றார். அடுப்படியிலிருந்து அவர் மனைவியின் குரல்: “எங்க எழுந்தாரு? நான்தான் எழுந்து கதவைத் திறந்து, நான்தான் உலுக்கி, ரெண்டு மணிக்கு நான்தான் ஸ்டவ்வ பத்தவச்சு டப்பா கட்டினேன். நோட்டுல கையெழுத்து மட்டும் அவரு.” எங்கள் பட்டியலில் அதுவரை ஒரு பெண் பெயர்கூட இல்லை. நான்கு பேருமே ஆண்கள், ரயில்வே என்றால் எஞ்சினும் சிக்னலும் என்று நினைத்திருந்தோம். சங்குக்கும் தட்டலுக்கும் ஏற்றபடி தூங்கி எழுந்தவர்களை விட்டுவிட்டு என்ன ரயில்வே வாழ்க்கை? பொன்மலைக்கு விழுந்த கடைசி ஓட்டு அந்த அம்மாவுடையது.

ஒலியைப் பற்றி ஒரு பத்தி சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் பணத்தை எதில் போடுவது என்பதும் ஒரு தேர்வுதான். புது லென்ஸா, நல்ல ரெக்கார்டரா என்று வந்தபோது ரெக்கார்டரை வாங்கினோம். ரயில்வேயில் காதால் பார்க்கும் வேலைகள் நிறைய. நீளக் காம்புச் சுத்தியலால் சக்கரத்தைத் தட்டி, ஓசை மழுங்கினால் விரிசல் என்று சொல்பவர்கள் இருந்தார்கள். தண்டவாளத்துண்டுகளை ஃபிஷ் பிளேட் என்ற இரும்புப் பட்டையால் இணைத்த காலத்தில் பெட்டிக்குள் கேட்ட ‘தடக் தடக்’, நீளமாகப் பற்றவைத்த தண்டவாளம் வந்த பிறகு அநேகமாகப் போய்விட்டது. அந்த ஓசையை வாயாலேயே வேகத்துக்கு வேகம் மாற்றிச் செய்து காட்டுகிற ஒரு ரிட்டயர்டு கார்டு எங்களுக்குக் கிடைத்திருக்கிறார். படம் கொஞ்சம் மங்கலாக இருந்தால் பரவாயில்லை, அவர் குரல் கரகரத்தால் எல்லாம் வீண்.

எங்கே வைப்பது என்பதில் நீண்ட விவாதம் இல்லை. வெட்டிச் சேர்த்த படம் யூடியூபுக்கு. வெட்டாத முழுப் பதிவும் இரண்டு ஹார்ட் டிஸ்க்கில், இரண்டு வீட்டில். பேசியவர் வீட்டுக்கு ஒரு பென் டிரைவ். பிறகு சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் போன்ற ஓர் இடத்தில் கேட்டுப் பார்ப்போம். பதிவு செய்வதற்கு முன் ஒரு தாளில் ஒப்புதல் கையெழுத்து வாங்கிக்கொள்வது நல்லது. எதைப் போட வேண்டாம் என்று அவர்கள் சொல்கிறார்களோ அதையும் அதே தாளில் எழுதிவிடுகிறோம். ’74 வேலைநிறுத்தத்தில் கருங்காலியாக வேலைக்குப் போனவர் யார், போகாதவர் யார் என்ற பேச்சு இன்னும் தெருவில் ஆறவில்லை.

இப்போதைக்குக் கணக்கு இப்படி நிற்கிறது: ஒரு வருடமும் பொன்மலை, பதினைந்து வீடுகள், அதில் பாதி பெண்கள். பணிமனைக்குள் போக விண்ணப்பம் போடுவோம், கிடைத்தால் லாபம். மிஞ்சும் பணத்தில் மலைக்கு ஒரே ஒரு நாள், பொன்மலையில் அந்த எஞ்சினில் வேலை பார்த்த ஃபிட்டர் ஒருவரையும் கூட்டிக்கொண்டு. மலை ரயில் நண்பனுக்கு இதில் வாயெல்லாம் பல்.

ஃபயர்மேன் வீட்டு அம்மாவிடம் அவரையும் எடுக்கலாமா என்று கேட்டோம். “என்னையா, என்னத்துக்கு?” என்று இரண்டு முறை கேட்டுவிட்டு, அடுத்த ஞாயிறு வரச் சொன்னார். காலையில் வேண்டாமாம், சந்தைக்குப் போக வேண்டும். பதினோரு மணிக்கு மேல் வரவேண்டும், அந்த வளையத்தைக் கொஞ்சம் பெரிதாகச் செய்துகொண்டு.